ஆம்பல்னு பேரு வைக்கப் போறீங்களா? முதல்ல இதை செக் பண்ணுங்க

பொண்ணுக்கு ஆம்பல்னு பேரு வைக்கணும்னா பேபி நேம் ஆப்ல போட்டிருக்கிற அர்த்தத்தை அப்படியே நம்பிடாதீங்க, முதல்ல ஒரு தமிழ் அகராதிய எடுத்துப் பாருங்க. ஆம்பல்னா அல்லி, குளத்துல பூக்குமே அதுதான், பொதுவா சாயங்காலத்துக்கு மேல விரியும், தாமரை இல்ல.

அடுத்து பழைய பாட்டுல தேடுங்க. குறிஞ்சிப்பாட்டுல வர்ற பூ லிஸ்ட்ல காந்தளுக்கு அடுத்ததே ஆம்பல்தான், அப்புறம் சிலப்பதிகாரத்துல ஆய்ச்சியர் குரவைல "ஆம்பலந் தீங்குழல்"னு குழலுக்கும் இந்தப் பேரு வருது, அது போக ஒரு பெரிய எண்ணுக்கும் ஆம்பல்னு பேரு இருந்திருக்கு, ஒரே பேருல பூ, இசை, கணக்கு மூணும், எனக்கு ரொம்பப் பிடிச்சது இதுதான். மலையாளத்துலயும் பூவுக்கு இதே பேருதான்.

முக்கியமா ஸ்பெல்லிங். இங்கிலீஷ்ல எழுதுறப்போ முதல்ல ரெண்டு ஏ போடுங்க, ஒண்ணு மட்டும் போட்டா ஸ்கூல்ல அம்பாள்னு கூப்பிடுவாங்க, இல்லன்னா அம்பல்னு ஆகிடும், சங்கப் பாட்டுல அம்பல்னா ஊர்க்காரங்க கிசுகிசு! பர்த் சர்டிபிகேட்ல ஏத்துறதுக்கு முன்னாடியே இதை முடிவு பண்ணிடுங்க.