வேலூர்ல இருந்து மீகாங் ஆத்துக்கு: 2 நாள் ஸ்லோ போட் பயணம், முதல் தடவை போறவங்களுக்கு ஸ்டெப் பை ஸ்டெப்

பாலாத்துப் பாலத்து மேல பஸ் போறப்ப கீழ மணலை மட்டுமே பாத்து வளந்தவங்க நாம. 2021 நவம்பர்ல வெள்ளம் வந்தப்ப ஊரே பாலத்தாண்ட வந்து நின்னுக்கினு வேடிக்கை பாத்துச்சு, அந்த அளவுக்கு ஓடுற தண்ணி மேல நமக்கு ஒரு ஏக்கம் இருக்குது. அதனாலதான் சொல்றேன், வாழ்க்கையில ஒரு தடவையாவது தண்ணி நிறைஞ்ச ஒரு பெரிய ஆத்துல முழுசா ரெண்டு நாள் உக்காந்து போகணும். ஆலப்புழா ஹவுஸ்போட் நிறைய பேர் போயிருப்பீங்க, அது நல்லாதான் இருக்கும், ஆனா அது நமக்காக ஓட்டுற போட். நான் சொல்றது லாவோஸ்ல ஊர் ஜனங்களும் மூட்டை முடிச்சோட ஏறி இறங்குற போட், ஹுவாய் சாய்ங்கிற ஊர்ல கிளம்பி பாக்பெங்ல ஒரு ராத்திரி தங்கி லுவாங் பிரபாங் வரைக்கும் சுமார் 300 கிலோமீட்டர் போகும்.

மீகாங் திபெத் பீடபூமியில பொறந்து சீனா, மியான்மர், லாவோஸ், தாய்லாந்து, கம்போடியா, வியட்நாம்னு 6 நாட்டு வழியா 4,000 கிலோமீட்டருக்கு மேல ஓடுற ஆறு. அதுல நாம பாக்கப் போறது ஒரு சின்ன துண்டுதான், ஆனா ரெண்டு பக்கமும் மலையும் காடும் நெருங்கி நிக்கிற துண்டு.

ஸ்டெப் 1: எந்த மாசம்

நவம்பர்ல இருந்து பிப்ரவரிக்குள்ள போங்க. மழை நின்னுருக்கும், ஆத்துல தண்ணியும் நல்லா இருக்கும். மார்ச், ஏப்ரல்ல அந்தப் பக்கம் மலையில விவசாயத்துக்காக காட்டை எரிப்பாங்க, புகை மூட்டத்துல எதிர்க்கரை மலை கூட சரியா தெரியாது, நம்ம ஸ்கூல் லீவு மே மாசம்தான்னு யோசிப்பீங்க, அப்ப வெயிலும் ஜாஸ்தி தண்ணியும் கம்மி. பொங்கல் லீவோட ரெண்டு மூணு நாள் சேத்துக்கினீங்கன்னா சரியா இருக்கும். டிசம்பர், ஜனவரியில காலைல ஆத்துக் காத்து ஜவ்வாது மலை பனி மாதிரி எலும்புக்குள்ள இறங்கும், போட்டு ரெண்டு பக்கமும் திறந்தே இருக்கும்ங்கிறதால ஸ்வெட்டர், குல்லா, சாக்ஸ் கண்டிப்பா வேணும். வெளிநாடுன்னா பாங்காக் மாதிரி வேர்க்கும்னு நெனச்சு நிறைய பேர் வெறும் டீ-ஷர்ட்டோட வந்து நடுங்கிக்கினு உக்காந்திருப்பாங்க.

ஸ்டெப் 2: பாஸ்போர்ட், விசா, துட்டு

பாஸ்போர்ட் இன்னும் 6 மாசமாவது செல்லணும். போற வழி தாய்லாந்து. 2023 நவம்பர்ல இருந்து இந்தியர்களை விசா இல்லாம விட ஆரம்பிச்சாங்க, ஆனா இந்த ரூல் எல்லாம் அப்பப்போ மாறும், ஃப்ளைட் டிக்கெட் போடுறதுக்கு முன்னாடி எம்பசி சைட்டை ஒரு தடவை பாத்துடுங்க. 2025 மே 1ல இருந்து தாய்லாந்து டிஜிட்டல் அரைவல் கார்டுன்னு ஒண்ணு ஆன்லைன்ல நிரப்பணும், அது ஃப்ரீ, அதுக்கு துட்டு கேக்குற சைட்டுங்களை நம்பாதீங்க.

லாவோஸ் விசா பார்டர்லயே குடுப்பாங்க, விசா ஆன் அரைவல். ஒரு பாஸ்போர்ட் சைஸ் போட்டோவும் டாலரும் கையில வெச்சிருக்கணும். டாலர் நோட்டு மடிப்பு, கிழிசல், பேனா கிறுக்கல் எதுவும் இல்லாம புதுசா இருக்கணும், இல்லன்னா வாங்க மாட்டாங்க. செலவுக்கு அந்த ஊர்ப் பணம் கிப். அதை ஒரேயடியா மாத்தி வெச்சுக்காதீங்க, லாவோஸை விட்டு வெளிய வந்துட்டா மாத்துறது ரொம்ப கஷ்டம்.

ஸ்டெப் 3: வேலூர் டு ஹுவாய் சாய்

காட்பாடியில ட்ரெயின் ஏறி சென்ட்ரல்ல இறங்குங்க, அங்க இருந்து மெட்ரோ ப்ளூ லைன் நேரா ஏர்போர்ட். பஸ்ல போறவங்க கோயம்பேட்ல இறங்கினா ஆலந்தூர்ல மெட்ரோ மாற வேண்டியிருக்கும், பெட்டி தூக்கிக்கினு அலையறதுக்கு ட்ரெயினே மேல். சென்னையில இருந்து பாங்காக் மூணு மூணரை மணி நேரம், அங்க இருந்து சியாங் ராய்க்கு இன்னொரு ஃப்ளைட், அப்புறம் பஸ்ல ரெண்டு மணி நேரத்துக்கு மேல போனா சியாங் கோங். அது தாய்லாந்து கரை, எதிர்ல தெரியிறது லாவோஸ்.

ஊரை விட்டுத் தள்ளி 2013 டிசம்பர்ல திறந்த நாலாவது தாய்-லாவோ நட்புறவுப் பாலம் இருக்குது. அதுல நடந்து போக விடமாட்டாங்க, தாய் இமிக்ரேஷன் முடிச்சிட்டு அங்கயே ஒரு ஷட்டில் பஸ் டிக்கெட் வாங்கி அந்தப் பக்கம் போகணும். லாவோஸ் பக்கம் விசா வாங்கிட்டு டுக்டுக் (நம்ம ஷேர் ஆட்டோ மாதிரி) பிடிச்சா ஹுவாய் சாய்.

இதுல நான் அடிச்சு சொல்றது ஒண்ணுதான், போட் கிளம்புற அன்னைக்கு காலைல பார்டர் தாண்டலாம்னு ப்ளான் போடாதீங்க. விசா க்யூ நீளமா இருந்தா போட் போயிடும். முந்தின நாள் சாயந்திரமே தாண்டி ஹுவாய் சாய்ல தங்கிடுங்க. சின்ன ஊரு, ஆத்தங்கரை ஓரமா ரூம் கிடைக்கும், சாயங்காலம் படிக்கட்டுல உக்காந்துக்கினு எதிர்க்கரையைப் பாக்கலாம், அதுவே நல்லாதான் இருக்கும்.

ஸ்டெப் 4: டிக்கெட்டும் சீட்டும்

போட் காலைல 11 மணி, 11:30க்குத்தான் கிளம்பும், ஆனா நீங்க 9 மணிக்கெல்லாம் துறையில இருங்க. பாஸ்போர்ட்டைக் காட்டி கவுண்டர்லயே டிக்கெட் வாங்கலாம். ஏஜென்ட்டு, கெஸ்ட் ஹவுஸ்காரங்க எல்லாரும் நாங்க வாங்கித் தரோம்னு கேப்பாங்க, அதே டிக்கெட்டுதான், மேல கமிஷன். பெரிய பையை அவங்களே வாங்கி கீழ இல்லன்னா பின்னாடி அடுக்கிடுவாங்க, அதனால மாத்திரை, பாஸ்போர்ட், தண்ணி, ஸ்வெட்டர் எல்லாம் சின்ன பையில மடி மேலயே இருக்கட்டும். செருப்பையும் கழட்டிடணும், ஒரு பிளாஸ்டிக் கவர் குடுப்பாங்க.

உள்ள போனா நீளமா குறுகலா ஒரு மரப் படகு, மேல கூரை, ரெண்டு பக்கமும் திறப்பு. சீட்டெல்லாம் பழைய வேன்ல இருந்து பிடுங்கிப் போட்டது, பல போட்ல தரையில ஆணி கூட அடிச்சிருக்க மாட்டாங்க, சும்மா தூக்கி வெச்சிருப்பாங்க, நீங்க சாஞ்சா பின்னாடி உக்காந்திருக்கிறவர் முட்டி இடிக்கும். டிக்கெட்ல நம்பர் எழுதியிருந்தாலும் அதை யாரும் பெருசா பாக்குறதில்ல, முன்னாடி வந்தவங்களுக்கு நல்ல சீட்டு. முன்பக்கமா இடம் பிடிங்க, ஏன்னா எஞ்சின் பின்னாடி இருக்குது, அந்த சத்தத்துல ஆறு ஏழு மணி நேரம் உக்காந்தா காது அடைச்சிடும், டாய்லெட்டும் அங்கதான். போட் பெரும்பாலும் கிழக்க பாத்துதான் போகும், குளிர்கால வெயில் தெற்க இருந்து சாய்வா வரும், அதனால போற திசைக்கு இடது பக்கம் உக்காந்தீங்கன்னா நிழல். குளிர் தாங்காதவங்க வலது பக்கம் உக்காந்துக்கோங்க. உக்கார ஒரு சின்ன குஷனை ஹுவாய் சாய்லயே வாங்கிக்கலாம், முதுகுவலி இருக்கிறவங்க யோசிக்கவே வேணாம், வாங்கிடுங்க.

அதே துறைப் பக்கம் ஸ்பீட் போட்னு ஒண்ணு ஒரே நாள்ல கொண்டு போய் விடுறோம்னு கூப்பிடுவாங்க. ஹெல்மெட் போட்டுக்கினு முட்டியை மடக்கி உக்காரணும், ஆத்துல பாறையும் சுழலும் இருக்கிற இடத்துல அந்த வேகத்துல விபத்து நடந்திருக்குது. வேணாம். அப்பா அம்மாவை கூட்டிக்கினு போறவங்களுக்கு, முட்டிவலி இருந்தா தனியார் க்ரூஸ் போட் இருக்குது, விலை பல மடங்கு, ஆனா நல்ல சீட்டு, மதிய சாப்பாடு, கைடு எல்லாம் உண்டு.

ஸ்டெப் 5: சாப்பாடு

நம்மாளுங்க முதல்ல கேக்குறதே இதைத்தான். போட்ல ஒரு சின்ன கடை இருக்கும், கப் நூடுல்ஸ், சிப்ஸ், காபி, பீர், அவ்வளவுதான். ஹுவாய் சாய்ல காலைல பாகெட்னு ஒரு நீள ரொட்டியில முட்டையோ காய்கறியோ வெச்சுக் குடுப்பாங்க, பிரெஞ்சுக்காரங்க ஆண்ட ஊரு, அந்தப் பழக்கம் இன்னும் இருக்குது. ரெண்டு வாங்கிக் கட்டிக்கோங்க, வாழைப்பழம் ஒரு சீப்பு, தண்ணி ரெண்டு லிட்டர்.

சைவக்காரங்க கொஞ்சம் உஷாரா இருக்கணும். வெறும் காய்னு சொல்லிக் குடுக்குறதுலயும் மீன் சாஸ், படேக்னு ஒரு புளிச்ச மீன் குழம்பு ஊத்தியிருப்பாங்க, அவங்களுக்கு அது நம்ம பெருங்காயம் போடுற பழக்கம்தான். அதுக்கு நல்ல வழி, மூங்கில் கூடையில விக்கிற ஒட்டு அரிசிச் சோறு வாங்குங்க, காவ் நியாவ்னு கேட்டா குடுப்பாங்க. அதை கையில கொஞ்சமா கிள்ளி உருண்டையா உருட்டி நம்ம வீட்டு பூண்டு ஊறுகாயில தொட்டு சாப்டுப் பாருங்க, சோறு சூடு ஆறினாலும் மெத்துன்னுதான் இருக்கும், கையில ஒட்டாது, ஊறுகாய் எண்ணெய் மட்டும் விரல்ல நிக்கும். ஊறுகாய், பருப்புப் பொடி, தட்டை, முறுக்கு எல்லாத்தையும் செக்-இன் பெட்டியில போடுங்க, ஊறுகாயைக் கைப் பையில வெச்சா செக்யூரிட்டில எடுத்துடுவாங்க. ஆற்காடு மக்கன் பேடா ஒரு டப்பா கொண்டு போங்க, பக்கத்து சீட்டுக் குழந்தைக்கு ஒண்ணு குடுத்தா அந்தக் குடும்பமே உங்களுக்கு ஃப்ரெண்ட் ஆயிடும்.

ஸ்டெப் 6: போட்ல உக்காந்ததுக்கு அப்புறம்

"ரெண்டு நாள் போட்ல உக்காந்துக்கினு என்னடா பண்ணுவ"ன்னு வீட்ல கேப்பாங்க. பாக்குறதுதான் வேலை. கிளம்பி கொஞ்ச நேரம் வலது கரை தாய்லாந்தாவே இருக்கும், தாய் சிம் சிக்னல் அதுவரைக்கும் வரும், அப்புறம் ரெண்டு கரையும் லாவோஸ், சிக்னல் வந்து வந்து போகும். வீட்டுக்கு சொல்லவேண்டியதை அதுக்குள்ள சொல்லிடுங்க, சாயந்திரம் வரைக்கும் போன் வராது, பயப்படாதீங்கன்னு.

ஆத்துல பாறைங்க கறுப்பா நீட்டிக்கினு நிக்கும், ஓட்டுறவர் வேகத்தைக் குறைச்சு ரெண்டு பாறைக்கு நடுவுல அந்த நீளப் படகை வளைச்சு விடுறதை முன்னாடி போய் நின்னு பாருங்க, தண்ணி சுழிக்கிற எடத்துல மட்டும் போட் லேசா பக்கவாட்டுல இழுக்கும், அவர் ஸ்டியரிங்கை திருப்புறதே தெரியாது. தண்ணி வத்துற காலத்துல கரையில தெரியிற மணல்திட்டுல வேர்க்கடலை போட்டிருப்பாங்க, சில இடத்துல பொம்பளைங்க முட்டி அளவு தண்ணியில நின்னு மரத் தட்டுல மணலை அலசி பொன் தேடிக்கினு இருப்பாங்க.

துறையே இல்லாத இடத்துல திடீர்னு போட் மணல்ல மூக்கை முட்டி நிக்கும். ஒரு அம்மா தோள்ல குழந்தையோட பலகை மேல நடந்து இறங்குவாங்க, பின்னாடியே அரிசி மூட்டை, ஒரு ஃபேன், கோழிக் கூண்டு, மேல மூங்கில் வீட்டுல இருந்து பசங்க சறுக்கிக்கினு ஓடி வந்து தூக்கிப்பாங்க. பல கிராமத்துக்கு இந்த ஆறுதான் ரோடு. அதனால போட் லேட்டாகுதுன்னு முணுமுணுக்காதீங்க. அவங்களை போட்டோ எடுக்குறதுக்கு முன்னாடி சிரிச்சு "சபாய்டீ"ன்னு (அவங்க பாஷையில வணக்கம்) சொல்லிட்டு கேமராவைக் காட்டிக் கேளுங்க, வேணாம்னு தலையாட்டினா விட்டுடுங்க.

ஸ்டெப் 7: பாக்பெங் ராத்திரி

சாயங்காலம் 5 மணி வாக்குல பாக்பெங். ஒரே தெரு, செங்குத்தான மேடு, பெட்டியை உருட்டிக்கினு ஏறுறது கஷ்டம், பேக்பேக்தான் நல்லது. டிசம்பர், ஜனவரின்னா ரூமை முன்னாடியே புக் பண்ணுங்க, மத்த மாசம் துறையிலயே கெஸ்ட் ஹவுஸ்காரங்க போட்டோ காட்டிக் கூப்பிடுவாங்க. ஆத்தைப் பாத்த பால்கனி இருக்குற ரூமா கேளுங்க, எதிர்க்கரையில ஒரு யானை முகாம் இருக்குது, காலைல யானைங்க தண்ணியில இறங்குறதை டீ குடிச்சுக்கினே பாக்கலாம். மறுநாள் போட் 9 மணி வாக்குல, அது வேற போட்டாவும் இருக்கலாம், அதனால நேத்து உக்காந்த சீட்டுன்னு உரிமை கிடையாது, 8 மணிக்கே போயிடுங்க.

ஸ்டெப் 8: இறங்குறதும் திரும்புறதும்

ரெண்டாம் நாள் கடைசியில நாம் ஓ ஆறு வந்து கலக்குற இடத்துல, சுண்ணாம்புப் பாறை குன்றுக்குள்ள பாக் ஓ குகை தெரியும், உள்ள நூத்துக்கணக்குல புத்தர் சிலைங்க. பப்ளிக் போட் அங்க நிக்காது, லுவாங் பிரபாங்ல இருந்து தனியா ஒரு அரை நாள் வரலாம். லுவாங் பிரபாங் வர்றதுக்கு முன்னாடியே ஆத்துக்குக் குறுக்கால ஒரு பெரிய அணை கட்டிக்கினு இருக்காங்க, அதனால டிக்கெட் வாங்குறப்பவே போட் கடைசி வரைக்கும் போகுதா, நடுவுல வண்டி மாத்துவாங்களான்னு கேட்டுக்கோங்க. தள்ளிப் போடாம சீக்கிரம் போயிட்டு வாங்கன்னு நான் எல்லார்கிட்டயும் சொல்றதுக்கும் அந்த அணைதான் காரணம், இப்ப இருக்குற இந்த ஓட்டம் பின்னாடியும் இப்படியே இருக்கும்னு எனக்கு நம்பிக்கை இல்ல.

இறங்குற துறை ஊருக்கு 10 கிலோமீட்டர் வெளிய. மேல ஏறினா டுக்டுக் கவுண்டர் இருக்கும், ஷேர்ல போயிடலாம். லுவாங் பிரபாங் 1995ல யுனெஸ்கோ பட்டியல்ல சேத்த ஊரு, ரெண்டு மூணு நாள் தங்குங்க.

திரும்ப 2021 டிசம்பர்ல ஓட ஆரம்பிச்ச லாவோஸ்-சீனா ரயில்ல ஏறினா வியன்டியான் ரெண்டு மணி நேரம்தான், அங்க இருந்து பாங்காக் ஃப்ளைட்டோ ட்ரெயினோ பிடிக்கலாம். சீட்டு சீக்கிரம் தீந்துடும், லுவாங் பிரபாங்ல இறங்கின அன்னைக்கே டிக்கெட் எடுத்துடுங்க. ஸ்டேஷன் ஊருக்கு வெளிய இருக்குது, பாஸ்போர்ட் செக், பை செக் எல்லாம் ஏர்போர்ட் மாதிரி நடக்கும், கத்தியும் ஸ்ப்ரே டப்பாவும் விடமாட்டாங்க, அதனால கொசுவுக்கு ஸ்ப்ரே வேணாம், இங்க மெடிக்கல்லயே க்ரீமா வாங்கிக்கினு கிளம்புங்க.