அரசு வேலைக்கான பில் நிலுவையா? முதலில் மூன்று ஆண்டுக் கணக்கைப் பாருங்கள்

வேலை ஆணை, ஒப்பந்தம், பணி முடிப்புச் சான்று மூன்றும் கையில் இருந்தும் பில் பணம் வராத அரசு கான்ட்ராக்டர்களுக்கான விளக்கம் இது.

1. எம்-புக் நகல் வாங்குங்கள்

எவ்வளவு வேலை நடந்தது என்பதற்கு இலாகாவே எழுதிய சாட்சி எம்-புக்தான் (மெஷர்மென்ட் புக், அளவுப் புத்தகம்). தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன் மனுப் போடுங்கள். "என் பில் ஏன் வரவில்லை?" என்று கேட்டால் மழுப்பலான பதில்தான் வரும். ஆவணமாகக் கேளுங்கள்: எம்-புக்கின் குறிப்பிட்ட பக்கங்கள், பில் கோப்பின் குறிப்புப் பக்கங்கள், நிதி ஒதுக்கீட்டு ஆணை. 30 நாளில் பதில் இல்லையென்றால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. நகல் வந்ததும் செக் மெஷர்மென்ட் (மேலதிகாரி அளவைச் சரிபார்த்த) கையெழுத்து இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் பில் பெரும்பாலும் கணக்குப் பிரிவுக்கே போயிருக்காது.

2. காலவரையறை

பலர் பணத்தை இழப்பது இங்கேதான். பணம் தர வேண்டிய தேதி ஒப்பந்தத்தில் இல்லையென்றால், வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். நீங்கள் எத்தனை நினைவூட்டுக் கடிதம் எழுதினாலும் இந்தக் காலம் ஒரு நாள்கூட நீளாது. சேப்பாக்கம் பொதுப்பணித் துறை அலுவலகத்துக்கும் மாநகராட்சியின் ரிப்பன் மாளிகைக்கும் நடந்த நடையும் கணக்கில் வராது.

நீட்டிக்க வழி உண்டு. மூன்று ஆண்டு முடிவதற்குள், பொறுப்புள்ள அதிகாரி கடனை ஒப்புக்கொண்டு எழுதிக் கையெழுத்திட்டால், அந்தத் தேதியிலிருந்து மூன்று ஆண்டு புதிதாகத் தொடங்கும் (1963 காலவரையறைச் சட்டம், பிரிவு 18). "நிதி வந்ததும் வழங்கப்படும்" என்ற ஒற்றை வரிக் கடிதம் போதும். பணம் தரும் நேரம் இன்னும் வரவில்லை என்று அதில் இருந்தாலும் செல்லும். செயற்பொறியாளரிடம் வாய்மொழி உறுதி வாங்குவதைவிட இந்த வரியை வாங்குவதில் முனைப்பாக இருங்கள். மூன்று ஆண்டு கடந்தபின் வரும் கடிதத்துக்கு இந்தப் பலன் கிடையாது.

3. நோட்டீஸ்

மாநில அரசு மீது வழக்கு என்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80-ன்படி இரண்டு மாத நோட்டீஸ் தேவை. அது துறைச் செயலருக்கோ மாவட்ட ஆட்சியருக்கோ போக வேண்டும். செயற்பொறியாளருக்கு மட்டும் அனுப்பினால் போதாது. மாநகராட்சி, வாரியங்களுக்கு அவற்றின் சட்டத்திலேயே தனி நோட்டீஸ் விதி இருக்கிறதா என்று பாருங்கள். அசலோடு வட்டியும் கோருவதாகக் கட்டாயம் எழுதுங்கள். ஒப்பந்தத்தில் வட்டி பற்றியும் பணம் தர வேண்டிய தேதி பற்றியும் பேச்சில்லையென்றால், 1978 வட்டிச் சட்டப்படி வட்டி ஓடத் தொடங்குவது அப்படிக் கேட்ட நோட்டீஸ் தேதியிலிருந்துதான். நேரில் கொடுத்துத் தபால் பிரிவில் சீல் வாங்குவது, கூடவே ஸ்பீட் போஸ்ட் என்று இரண்டையும் செய்வதே என் பரிந்துரை.

4. எந்தக் கதவைத் தட்டுவது?

உத்யம் (மத்திய அரசின் குறு, சிறு நிறுவனப் பதிவு) பதிவுள்ள நிறுவனமாகப் பொருளோ சேவையோ தந்திருந்தால், இத்தகைய நிறுவனங்களின் நிலுவைத் தகராறுகளைத் தீர்க்கும் ஃபெசிலிட்டேஷன் கவுன்சில்தான் என் முதல் தேர்வு. அதற்கான அரசு இணையத் தளத்தில் மனுப் போடலாம். 2006 குறு, சிறு, நடுத்தர நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டப்படி 45 நாளுக்கு மேல் தாமதித்தால், வங்கி விகிதத்தின் மூன்று மடங்கு, மாதாமாதம் கூட்டு வட்டி. கவுன்சிலின் தீர்ப்பை எதிர்க்க இலாகா அந்தத் தொகையில் 75 சதவீதம் கட்ட வேண்டும். சாலை, கட்டட ஒப்பந்தங்களுக்கு இது பொருந்துமா என்பது சர்ச்சைக்குரியது. வழக்கறிஞரிடம் கேட்டு முடிவெடுங்கள். பதிவை ஒப்பந்தத்துக்கு முன்பே எடுத்து வையுங்கள்.

தொகையை இலாகாவே ஒப்புக்கொண்டிருந்தால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் போடலாம். "மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்" என்று மட்டும் கேட்காதீர்கள். அப்படி உத்தரவு வாங்கினால், இலாகா மனுவைப் பரிசீலித்து நிராகரித்தும் முடித்துவிடலாம். தொகையை வழங்கவே உத்தரவு கேளுங்கள்.

அளவிலோ தரத்திலோ தகராறு இருந்தால் ஆர்பிட்ரேஷன் (நடுவர் மூலம் தீர்வு) அல்லது வணிக நீதிமன்றம். ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் ஷரத்து இருந்தால் அதை விட்டு நேராக வழக்குப் போடாதீர்கள். வணிக வழக்கில் அவசர நிவாரணம் கேட்காதபோது, வழக்குக்கு முன் சமரச முயற்சி கட்டாயம்.

பிற்சேர்க்கை: சப்-கான்ட்ராக்ட் எடுத்தவர்கள் கேட்டிருந்தார்கள். பொதுவாக உங்கள் வழக்கு முதன்மைக் கான்ட்ராக்டர் மீதுதான். இலாகாவோடு உங்களுக்கு நேரடி ஒப்பந்தம் இல்லை. எல்லோருக்கும் இன்னொன்று: இறுதி பில்லில் "இனி கோரிக்கை ஏதுமில்லை" என்ற வரி இருந்தால், விடுபட்ட தொகையைக் குறிப்பிட்டு "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொண்டேன்" என்று எழுதியபின் கையெழுத்திடுங்கள். அப்படி எழுத விடவில்லையென்றால் அன்றைக்கே ஆட்சேபக் கடிதம் அனுப்பிவிடுங்கள்.