கொன்ராட் ஃபைட்: எந்தப் படத்தில் தொடங்குவது, எந்தப் பிரதியைப் பார்ப்பது

ஜெர்மன் நடிகர் ஃபைட்டைப் பலரும் முதலில் பார்ப்பது ஹாலிவுட் படமான ‘காசாபிளாங்கா’வில் (1942), நாஜி மேஜர் ஸ்ட்ராசராக. அங்கே ஆரம்பித்தால் ‘இன்னொரு வில்லன்’ என்று கடந்துவிடுவோம். 1893-ல் பெர்லினில் பிறந்து, நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழுவில் பழகி, நூற்றுக்கு மேல் படங்கள் செய்தவர். காசாபிளாங்காவைப் பின்னால் தள்ளுங்கள்.

முதலில் ‘டாக்டர் காலிகாரி’ (1920). இங்கே பிரதிதான் பாதி விஷயம். மௌனப் படங்களைக் கையால் சுழற்றும் கேமராவில், நொடிக்குச் சுமார் 16 முதல் 20 சட்டகம் என்ற கணக்கில் எடுத்தார்கள். அதை அப்படியே பேசும் படங்களின் வேகமான 24-ல் ஓட்டினால் எல்லோரும் தத்தித் தத்தி ஓடுவார்கள், நடிப்பு கோமாளித்தனமாகிவிடும். 18-ல் எடுத்த 75 நிமிடப் படம் 24-ல் ஓடினால் 56 நிமிடத்தில் முடிந்துவிடும். ஆகவே ஒரு மணி நேரம்கூட ஓடாத பிரதி என்றால் வேகம் கூடியிருக்கும், இல்லையென்றால் வெட்டுப்பட்டிருக்கும். 2014-ல் பழைய ஜெர்மன் படங்களைப் பாதுகாக்கும் முர்னாவ் அறக்கட்டளை மீட்டெடுத்த, நிறம் தோய்த்த பிரதியைத் தேடுங்கள். வேகப் பிரதிதான் கிடைத்தது என்றால் பிளேயரில் வேகத்தை 0.75 ஆக்கி, ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

இதில் ஃபைட்தான் செசாரே, தூக்கத்தில் நடப்பவன். பெட்டிக்குள் தூங்கும் அவன் விழிக்கும் இடத்தை இரண்டு முறை பாருங்கள். இமை சட்டென்று திறக்காது. முகத்தில் முதலில் ஒரு நடுக்கம், பிறகு இமையில் ஒரு பிளவு, அதன்பிறகே கண் முழுசாக விரியும். சுவரோடு சுவராக ஊர்ந்து போகும் காட்சியில் உடம்பே அந்தக் கோணல்மாணல் ஓவியச் செட்டின் ஒரு கோடாகிவிடும்.

அடுத்து ‘ஓர்லாக்கின் கைகள்’ (1924). கொலைகாரனின் கைகள் பொருத்தப்பட்ட பியானோக் கலைஞர். தன் கைகளையே அந்நியப் பொருள்போல உடம்பிலிருந்து தள்ளிப் பிடித்திருப்பார். பிறகு ஹாலிவுட்டில் எடுத்த ‘சிரிக்கும் மனிதன்’ (1928). எப்போதும் சிரிப்பதுபோல வாயோரங்களை இழுத்துப் பிடிக்கும் பல்செட்டு மாட்டியிருந்ததால் வாய் அசையாது. அழுகை, வெட்கம், காதல் எல்லாமே கண்ணும் புருவமும் செய்தாக வேண்டும். பேட்மேன் கதையின் ஜோக்கர் முகம் இங்கிருந்து வந்ததுதான்.

பேசும் படங்களுக்கு வரும்போது பெயர்க் குழப்பம் தொடங்கும். ஒரே பெயரில் வேறு படத்தைத் தரவிறக்கி ஏமாறுவது சகஜம்:

- ‘யூதன் சூஸ்’: ஃபைட் நடித்தது 1934 பிரிட்டிஷ் படம், யூதர்கள்மேல் பரிவுள்ளது. 1940-ல் வந்தது நாஜிப் பிரசாரம்.
- ‘பிராகா மாணவன்’: 1913, 1926, 1935 என மூன்று உண்டு. வேண்டியது 1926.
- ‘எஃப்.பி.1’: மூன்று மொழிகளில் தனித்தனி நடிகர்களோடு எடுத்தது. ஆங்கிலத்தில்தான் ஃபைட்.

‘காங்கிரஸ் நடனமாடுகிறது’ (1931) வியன்னா மாநாட்டைப் பற்றிய படம். அதில் ஆஸ்திரிய அமைச்சர் மெட்டர்னிக்காக, படுக்கையில் இருந்தபடியே குழாய்வழியே அடுத்த அறைகளை ஒட்டுக்கேட்பார். நகைச்சுவை இவருக்கு வராது என்பவர்களுக்கு இந்த ஒரு காட்சி போதும். ‘பாக்தாத் திருடன்’ (1940) படத்தின் வில்லன் ஜாஃபரில் செசாரேயின் கண்கள் வண்ணத்தில் திரும்பி வரும். அடுத்தடுத்து பார்த்தால்தான் அது பிடிபடும்.

இப்போது காசாபிளாங்காவைப் போடுங்கள். யூத மனைவியோடு 1933-ல் ஜெர்மனியை விட்டு வெளியேறி, பிரிட்டிஷ் குடியுரிமை பெற்றவர் இந்தச் சீருடையில் நிற்கிறார். செசாரேயின் நெளிவு எதுவும் இல்லை. கை கால் அளந்துதான் அசையும், குரல் உயராது. அதற்கு மறுநாள் ‘அபவ் சஸ்பிஷன்’ (1943) பாருங்கள். அதில் அவர் நாஜிகளுக்கு எதிரணியில் நின்று கதாநாயக ஜோடிக்கு உதவுகிறவர். அந்த ஆண்டு ஏப்ரல் 3-ல், 50 வயதில் மாரடைப்பால் இறந்தார். படம் அதன்பிறகுதான் திரைக்கு வந்தது.