யப்பான்ர 109ஆம் டிவிஷனுக்கு ஒரு சின்ன வரலாறு எழுதுறது எப்பிடி

ஸ்கூல் புரொஜெக்ட்டுக்கோ சும்மா ஆசைக்கோ இரண்டாம் உலகப்போர் படையளைப் பற்றி எழுத வெளிக்கிடுற பிள்ளையள் முதல் செய்யிறது நம்பரை கூகிள்ல அடிச்சு வாறதை அப்பிடியே கொப்பி பண்றது, அங்கதான் பிழைக்கிறது. யப்பானுக்குத் தெற்க பசிபிக் கடல்ல இருக்கிற சின்ன எரிமலைத் தீவு இவோ ஜிமா, அதில நிண்ட யப்பான் தரைப்படையின்ர 109ஆம் டிவிஷனை (பெரிய படைப்பிரிவை) எடுத்துப் பாப்பம்.

முதல்ல நம்பரை நம்பாதேங்கோ. 1937இல சீனச் சண்டைக்கெண்டு ஒரு 109 எழுப்பி, வட சீனாவின்ர ஷான்சி மாகாணப் பக்கம் அடிபட்டு, 1939இல கலைச்சிட்டாங்கள். 1944 மே மாசம் அதே நம்பரை இவோ ஜிமாவும் சிச்சி ஜிமாவும் சேர்ந்த ஒகசவாரா தீவுகள்ல நிண்ட வேற ஆக்களுக்குக் குடுத்தாங்கள். ரெண்டையும் ஒண்டாக்கி எழுதினியளோ, கதை முழுக்கக் குழம்பிடும்.

அடுத்தது ஆர் ஆர் இருந்தவை எண்டு பாருங்கோ. கடைசிக் காலத்து டிவிஷன் ஒட்டுப்போட்ட சாரம் மாதிரி. சிச்சி ஜிமாவில ஒரு கலப்பு பிரிகேட் (டிவிஷனிலும் சின்னப் படைப்பிரிவு), இவோ ஜிமாவில இன்னொண்டு, சைப்பான் தீவுக்குப் போக வெளிக்கிட்டு இஞ்ச திருப்பின 145ஆம் றெஜிமென்ட் (அதுவும் ஒரு படைப்பிரிவு), வடகிழக்குச் சீனாவின்ர மன்சூரியாவில இருந்து கட்டளை அதிகாரி நிஷியின்ர 26ஆம் டாங்கி றெஜிமென்ட். பாவம், அவையின்ர டாங்கியள் ஏத்தின கப்பலை 1944 ஜூலையில சப்மரீன் அடிச்சுத் தாட்டிட்டுது. (நிஷி 1932 ஒலிம்பிக்ல குதிரை ஓடித் தங்கம் எடுத்த ஆள், ஒரு வரி போடலாம்.)

கூட எழுத வேண்டியது பங்கர். டிவிஷன் தளபதி குரிபயாஷி கரையில நிண்டு மறிக்கிறதை விட்டிட்டு உள்ளுக்க இறங்கச் சொன்னவர், கூச்சல் போட்டுக்கொண்டு எதிரி மேல கூட்டமாப் பாயிறதுக்கும் தடை. கிட்டத்தட்ட 18 கிலோமீற்றர் சுரங்கம் வெட்டினவை, கந்தகப் புகையும் சூடும் சேர்ந்து ஒராள் அஞ்சு பத்து நிமிசத்துக்கு மேல நிண்டு வெட்டேலாது, குடிக்க மழைத்தண்ணிதான். பங்கர் எண்டா என்னெண்டு வன்னிச் சனத்துக்கு நான் சொல்லத் தேவையில்ல, நாங்கள் பனங்குத்தி அடுக்கி மண்போட்டு மூடினம், அவை எரிமலைச் சாம்பலைச் சீமெந்தோட குழைச்சவை. இதை வடிவா எழுதினாத்தான் 1945 பெப்ரவரி 19 இறங்கின அமெரிக்கன் 23ஆம் திகதி மலையில கொடி ஏத்தியும் ஏன் மார்ச் 26 மட்டும் இழுபட்டது எண்டு வாசிக்கிறவைக்கு விளங்கும்.

எண்ணிக்கையில கவனம். தீவில நிண்ட 21,000 பேரையும் டிவிஷன் கணக்கில போடாதேங்கோ, அதில 7,000 பேர் மட்டில கடற்படைத் தளபதி இச்சிமாருவின்ர ஆக்கள்.

முடிவுத் திகதிக்கு மார்ச் 26 போடுறதும் சரியில்ல. ஜெனரல் தச்சிபானாவோட சிச்சி ஜிமாவில நிண்ட மிச்சப் பேர் 1945 செப்டம்பர் 3 தான் சரணடைஞ்சவை, பிறகு பிடிபட்ட அமெரிக்க விமானியளைக் கொலை செய்ததுக்காக 1947இல தச்சிபானாவைக் குவாம் தீவில தூக்கில போட்டது. இவோ ஜிமா வீரம் கெட்டுப்போடும் எண்டு இந்தப் பகுதியை விட்டிட்டு எழுதுறவையும் இருக்கினம், நீங்கள் விடாதேங்கோ.