தேயிலைத்தூளில் ஒரு சமாதானப் படம்: முதன்முதலாக அனிமேஷன் செய்பவர்களுக்கு

சமாதானம் என்றதும் புறாவும் பூமிப்பந்தும் வரையத்தான் கை போகும். அவற்றை விடுங்கள். வசனமும் வேண்டாம்: தமிழும் சிங்களமும் கலந்து புழங்கும் கொழும்பில், பேச்சில்லாத படம் எல்லா வீட்டுக்கும் போகும். கனடாவில் நோர்மன் மக்லாரன் 1952இல் எடுத்த ‘நெய்பர்ஸ்’ அப்படிப்பட்டது. ஒரு பூவுக்காக அயலவர் இருவர் அடிபட்டுச் சாகிறார்கள். எட்டே நிமிடம், ஒஸ்கார் விருதும் பெற்றது. நமக்கு அரை நிமிடம் போதும். கண்ணாடியில் தேயிலைத்தூளால் உருவம் வரைந்து, அதைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு முறையும் போனில் ஒரு படம் எடுத்து, எல்லாவற்றையும் வரிசையாக ஓடவிடுவதுதான் முறை.

முதலில் மேசை. பழைய போட்டோ ஃபிரேமின் கண்ணாடியை, ஓரங்களில் டேப் ஒட்டி, இரண்டு புத்தக அடுக்குகளின்மேல் வையுங்கள். அடியில் ட்ரேசிங் பேப்பர், அதற்குக் கீழே எல்.ஈ.டி. பல்ப்.

அடுத்து போன். நேர்மேலே, அசையாமல் கட்டுங்கள். திரையில் விரலை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் வெளிச்சத்தையும் பூட்டுங்கள். பூட்டாவிட்டால் படம் மினுங்கும். இரவில் எடுப்பதே நல்லது, வாகனங்கள் ஓடும் காலி வீதி (Galle Road) பக்கம் வீடென்றால், வெளிச்சம் உள்ளே வராமல் திரைச்சீலையையும் இழுத்துவிடுங்கள். ஃபேனை நிறுத்தியே ஆகவேண்டும். வெக்கைதான், ஆனால் சின்னக் காற்றுக்கே முகம் கலைந்துவிடும். நெற்றியில் துணி கட்டுங்கள்: ஒரு துளி வியர்வை விழுந்தாலும் தூள் கட்டிபட்டுச் சாயம் கசியும்.

இப்போது முக்கியமான விதி. ஒரு கரண்டி தேயிலைத்தூள் மட்டும். படம் முடியும்வரை கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. ஈர்க்கால் இரண்டு ஆட்களை வரையுங்கள். அவர்களுக்கு நடுவே மதில் எழவேண்டும். தூள் எங்கிருந்து வரும்? அவர்களின் தோளிலிருந்து, கையிலிருந்துதான். மதில் உயர உயர ஆட்கள் மெலிகிறார்கள். கடைசியில் மதில் மட்டுமே நிற்கும். அதிலிருந்து மறுபடி ஆட்களை எடுப்பது உங்கள் பொறுப்பு. இந்த விதிதான் படத்தின் கருத்து, அதை யாரும் வாயால் சொல்லத் தேவையில்லை.

ஸ்டொப் மோஷன் ஸ்டூடியோ போன்ற ஒரு செயலியில் வினாடிக்கு 12 படம் என்று வைத்தால், 30 வினாடிக்கு 360 படங்கள். ஒவ்வொரு படத்துக்கும் ஒரு நகத்தளவு மட்டும் நகர்த்துங்கள். மதில் முழுதாக எழுந்த இடத்தில் அசைக்காமல் 24 படங்கள் எடுங்கள். பார்ப்பவர் அங்கே இரண்டு வினாடி நிற்கட்டும்.

ஒலிக்கு வெள்ளவத்தைக் கரையோர ரயிலையும் அலையையும் போனிலேயே பதியலாம். மதில் உயரும்போது ரயில் நெருங்கட்டும், பிறகு அலை மட்டும். செப்டெம்பர் 21 சர்வதேச சமாதான தினம். அதற்குள் முடித்து, தமிழ் தெரியாத அயலவர் ஒருவருக்கு முதலில் போட்டுக் காட்டுங்கள்.