வேலையை விட்டாச்சு, ஆபீஸ் லேப்டாப் இன்னும் வீட்டிலா?

‘கடைசி மாசச் சம்பளத்தைப் போடட்டும், அப்புறம் லேப்டாப்பைத் தரேன்’ என்று பலர் பிடிவாதம் பிடிக்கிறார்கள். கோபம் நியாயம்தான், ஆனால் வழி தப்பு. இந்தியாவில் 2013 கம்பெனிகள் சட்டத்தின் 452-ஆம் பிரிவுப்படி, கம்பெனிப் பொருளைத் திருப்பித் தராமல் வைத்திருந்தால் அபராதம் 1 லட்சம் முதல் 5 லட்சம் ரூபாய் வரை. கோர்ட் கெடு வைத்துத் திருப்பித் தரச் சொல்லியும் தராவிட்டால் 2 வருஷம் வரை ஜெயில். வேலையை விட்டவர்களையும் இந்தக் குற்றம் பிடிக்கும் என்று பழைய சட்டத்தின் 630-ஆம் பிரிவை வைத்து 1987-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அதனால் முதலில் ஹெச்ஆருக்கு மெயில் போடுங்கள்: என்னென்ன பொருள், சீரியல் நம்பர், எப்போது எங்கே வாங்கிக்கொள்வீர்கள். பதில் வராவிட்டால் சார்ஜர், ஐடி கார்டு எல்லாம் சேர்த்துப் போட்டோ, வீடியோ எடுத்து, இன்ஷூர் செய்த பார்சலாக அனுப்பி, ரசீதைப் பத்திரமாக வையுங்கள். நேரில் கொடுத்தால் கையெழுத்து, சீல் இல்லாமல் நகராதீர்கள். செக்யூரிட்டியிடம் வைத்துவிட்டு வருவது வேண்டவே வேண்டாம். ஆபீஸ் ஃபைல்களை அழிக்கவும் கூடாது, பென் டிரைவில் அள்ளிக்கொள்ளவும் கூடாது, அது தனி வழக்கு. சம்பளப் பாக்கிக்குத் தனியாக வக்கீல் நோட்டீஸ் விடுங்கள்.