பாலியில் உண்டு, லொம்போக்கில் இல்லை: ஒரு இருவாச்சியின் எல்லையைக் கண்டறியும் முறை

பினாங்கில் தண்ணீர்மலைப் பக்கமோ பத்து ஃபிரிங்கியிலோ கறுப்பு வெள்ளை இருவாச்சியைப் பார்க்கலாம். மலாய்க்காரர்கள் எங்காங் என்பார்கள். சுமத்ரா, போர்னியோ, ஜாவா, பாலி வரை இதே பறவை உண்டு. பாலிக்கு அடுத்த தீவான லொம்போக்கில் இல்லை, தமிழ்நாட்டிலும் இல்லை. காரணம் கேட்டால் சீதோஷ்ணம் ஒத்துக்கொள்ளாது என்று சொல்லிவிடுகிறோம். அதைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் பறவை எது என்பதில் சந்தேகம் இருக்கக் கூடாது. அடிவயிறு வெள்ளையாக இருக்க வேண்டும். கறுப்பாக இருந்தால் அது வேறு இனம். தமிழ்நாட்டில் இருப்பது இதன் நெருங்கிய சொந்தமான மலபார் இருவாச்சி. அதற்குத் தொண்டைத் தோல் இளஞ்சிவப்பு, பினாங்கில் பார்க்கும் நம்முடையதற்கு நீலம் கலந்த வெண்மை. வால் இறகை மட்டும் நம்பிப் பிரிக்காதீர்கள். மலபார் இனத்துக்கு வெளிவால் முழு வெள்ளை என்பது சரிதான். ஆனால் நம் இனத்திலும் தெற்கே போகப் போக அப்படிப்பட்ட வால் வந்துவிடுகிறது. பலர் சறுக்குவது இங்கேதான்.

அடுத்து, 'இல்லை' என்பது உறுதியா? பறவை பார்ப்பவர்கள் தங்கள் பட்டியல்களைப் பதிவிடும் ஈபேர்ட் (eBird) இணையதளத்தில் அந்த இடத்தைத் திறந்து, பார்த்ததும் கேட்டதும் முழுதாகப் பதிவான பட்டியல்கள் எத்தனை என்று எண்ணுங்கள். நாலைந்து பட்டியலை வைத்து முடிவு கட்ட முடியாது. இருவாச்சி பெரிய உருவம், உரத்த குரல். நூற்றுக்கணக்கான பட்டியல்களில் வரவில்லை என்றால் அங்கே இல்லை என்றே கொள்ளலாம். ஆந்தைக்கு இந்தக் கணக்கு செல்லாது.

இனி கடல். ஆழம் குறித்த வரைபடத்தில் 120 மீட்டர் கோட்டைப் பென்சிலால் வரையுங்கள். கடைசிப் பனியுகத்தில், சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், கடல் ஏறத்தாழ அந்த அளவுக்கு இறங்கியிருந்தது. கோட்டுக்குள் மலாயா, சுமத்ரா, போர்னியோ, ஜாவா, பாலி எல்லாம் ஒரே நிலமாகச் சேர்ந்துவிடும். லொம்போக் நீரிணை சேராது: அகலம் ஏறக்குறைய 35 கிலோமீட்டர், ஆழம் குறைந்த இடத்திலேயே 200 மீட்டருக்கு மேல். ஆசிய விலங்குகளுக்கும் ஆஸ்திரேலியப் பக்க விலங்குகளுக்கும் எல்லையாகச் சொல்லப்படும் வாலஸ் கோடு ஓடுவது இந்த நீரிணை வழியாகத்தான்.

ஆனால் கடலோடு நிறுத்திவிடக் கூடாது. அந்தக் கோட்டுக்குக் கிழக்கே உள்ள தீவுகளில், சுலாவெசியில் இரண்டு இருவாச்சி இனங்கள் உண்டு, சும்பாவில் ஒன்று, நியூகினியில் ஒன்று. அவற்றின் மூதாதைகள் ஆழ்கடலைத் தாண்டித்தான் போயிருக்க வேண்டும். ஆக, எந்த இனம் தாண்டும் என்று தனித்தனியாகப் பார்க்க வேண்டும். தாண்டினாலும் போதாது. ஆணும் பெண்ணும் சேர வேண்டும். கூட்டுக்குப் பெரிய மரப்பொந்து வேண்டும் (இருவாச்சி தானே பொந்து குடையாது). வருஷம் முழுக்க எங்காவது ஓர் அத்தி பழுத்திருக்க வேண்டும்.

தமிழ்நாட்டுக்குக் கேள்வி வேறு. அது கடல் விஷயமே அல்ல, ஏனென்றால் இதே பறவை இமயமலை அடிவாரம் வரை தரைவழியே பரவியிருக்கிறது. அங்கிருந்து தெற்கே வறண்ட தக்காணம் குறுக்கே கிடக்கிறது. அதற்கப்பால் அதே பழத்தையும் அதே பொந்தையும் தேடும் மலபார் இருவாச்சி ஏற்கெனவே குடியிருக்கிறது. இப்படி இரண்டு தடை சேர்ந்திருந்தால் இரண்டையும் எழுதுங்கள், ஒன்றைப் பிடித்துக்கொண்டு வாதாட வேண்டாம்.

மனிதன் கைபட்டதா என்றும் பாருங்கள். சிங்கப்பூரில் 19ஆம் நூற்றாண்டில் அற்றுப்போன இந்த இருவாச்சி, 1994இல் அங்குள்ள புலாவ் உபின் தீவில் மீண்டும் தென்பட்டது. பழைய பதிவைப் புரட்டாமல் 'என்றுமே இல்லை' என்று எழுதியிருந்தால் தவறாகியிருக்கும்.

சீதோஷ்ணம் இப்போதுதான். அதற்கு நல்ல சோதனை, யாராவது அந்த இனத்தையோ நெருங்கிய சொந்தத்தையோ அங்கே கொண்டுபோய் விட்டிருக்கிறார்களா என்பது. நம் வீட்டுக் காகத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். காப்பித் தோட்டப் புழுவைத் தின்னட்டும் என்று 1890களில் இலங்கையிலிருந்து கிள்ளானுக்குக் கொண்டுவந்தார்கள். இன்று பினாங்கில் காகம் இல்லாத சந்தை கிடையாது. அதற்கு முன் அது இங்கே இல்லாததற்கு வெயிலும் மழையும் காரணமல்ல.

எல்லைக்கு வெளியே ஒற்றைப் பறவை தென்பட்டால் அவசரப்பட்டுப் பதிவு போடாதீர்கள். காலில் வளையம், கூண்டில் உரசித் தேய்ந்த வால் நுனி, ஆளைக் கண்டு அஞ்சாத நடத்தை, இவற்றில் ஒன்று இருந்தாலும் வளர்ப்புப் பறவை தப்பி வந்திருக்கலாம் என்று குறித்துவையுங்கள்.